ஆதிச் செவி

"இன்னிக்கே முடிச்சுடுங்கோ. விடிஞ்சா அண்ணா வண்டி கட்டிண்டு வந்துடுவான்" என்றாள் வத்ஸலா. பிரசவத்துக்காகக் கூரத்திலிருக்கும் தாய்வீட்டுக்குப் போக வேண்டியவள், சுவரில் முதுகைச் சாய்த்துக் கால் நீட்டி உட்கார்ந்திருந்தாள்.

சம்பத்குமார் சிரித்தார். "ஒரு பிரபஞ்சத்தையே அவசரமா முடிக்கச் சொல்றே. பாதி மலைக்கு இன்னும் பேர்கூட வைக்கலை."

சின்னக் காஞ்சிபுரத்துப் பாடசாலையில் அவர் வாத்தியார். பெரியவர்கள் அருளியதை எழுத்துப் பிசகாமல் ஒப்பிப்பதும் ஒப்பிக்க வைப்பதுமே அவருடைய வேலை. தமக்கென்று ஒரு சொல் சொல்லியறியாத அந்த மனிதர், சீமந்தம் ஆன அன்று சாயங்காலம் மனைவியின் வயிற்றருகே குனிந்து, எந்த ஓலையிலும் இல்லாத ஒரு புராணத்தைச் சொல்லத் தொடங்கினார்.

'ஆதியில் ஒரு செவி இருந்தது. அதைத் தேடி ஒரு சொல் வந்தது. செவி அதைக் கேட்டது, கேட்டது உண்டாயிற்று.'

இல்லாத புராணத்தை இட்டுக் கட்டுவது அபசாரம் ஆகுமோ என்று முதலில் அவருக்கே நடுக்கமாக இருந்தது. ஆனால் 'மழை' என்று அவர் சொன்னபோது உள்ளேயிருந்து ஓர் உதை விழுந்தது. அதன்பிறகு அவரால் நிறுத்த முடியவில்லை.

பார்ப்பவர் மனசின் நிறத்தைப் பூசிக்கொள்ளும் வானம் உண்டாயிற்று. நடக்கத் தெரிந்தும் மரியாதைக்காக உட்கார்ந்தே இருக்கும் மலைகள் உண்டாயின. பட்டுச் சேலையைத் திருப்பிப் போட்டதுபோல, பகலின் மறுபக்கமாக ராத்திரி உண்டாயிற்று.

பக்கத்தாத்து மரகதவல்லி மாமி கேலி செய்தாள். "வயத்துக்குள்ளேயே பாடம் எடுத்தா, பிள்ளை பஞ்சகச்சத்தோடதான் பொறக்கும்டி!"

வத்ஸலாவும் விடவில்லை. "உங்க தெய்வம் வடகலையா, தென்கலையா? அதை மொதல்ல சொல்லுங்கோ. இல்லேன்னா ரெண்டு கட்சிக்காராளும் சீமைக் கோர்ட்டு வரைக்கும் போயிடுவா."

"அதுக்குத்தான் வெறும் காதா வச்சிருக்கேன். நெத்தி இருந்தாத்தானே நாமத்துக்குச் சண்டை!"

அன்றைக்கு அவள் சிரித்த சிரிப்பில் வயிற்றுக்குள் இருந்ததும் சேர்ந்து குதித்தது.

இன்றைக்கு அவள் சிரிக்கவில்லை. பிரிந்து போகிற வருத்தம் என்று அவர் எண்ணிக்கொண்டார். தமக்கும் அது இருந்தது, சொல்லத்தான் தெரியவில்லை.

"என்ன சொல்றான் உள்ளே?" என்று வயிற்றில் வைக்கக் கையை நீட்டினார்.

பாதி வழியில் அந்தக் கையைப் பிடித்துத் தன் இரண்டு கைகளுக்குள்ளும் வைத்துக்கொண்டாள் அவள். "சமத்தாக் கேட்டுண்டிருக்கு. நீங்க சொல்லுங்கோ."

"மனுஷா இன்னும் வரலையே, வத்ஸலா. அந்தப் பகுதியைக் குழந்தை பொறந்தப்புறம் மடியில வச்சுண்டு மெதுவா சொல்லலாம்னு இருந்தேன்."

"வேண்டாம். அவாளும் இன்னிக்கே வரட்டும்."

"மனுஷா வரதுக்கு முன்னாடிதான் எந்த உலகமும் நன்னா இருந்திருக்கும்."

"விளையாடாதீங்கோ. குறை வைக்காம முழுசாச் சொல்லி முடிங்கோ."

அந்தப் பிடிவாதம் அவருக்குப் புதிது. கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது. பாடசாலைப் பிள்ளைகள் கொட்டாவியை மென்றுகொண்டு கேட்பார்கள். இப்படித் தவித்துப்போய் அவர் வார்த்தையை யாரும் கேட்டதில்லை.

தறிச் சத்தம் ஓய்ந்து, கோயில் மேளம் கேட்கத் தொடங்கியிருந்தது. அவர் கண்ணை மூடிக்கொண்டு கடைசிப் பகுதியைச் சொன்னார்.

'எல்லாம் உண்டான பிறகும் செவி இருட்டிலேயே இருந்தது. இத்தனை காலம் கேட்டேன், இனி நான் சொல்ல வேண்டும் என்று அது ஆசைப்பட்டது. அந்த ஆசையே வாயாயிற்று. வாயைச் சுற்றி ஒரு முகம் வந்தது. முதல் மனுஷன் அப்படித்தான் வந்தான். இருட்டை விலக்கிக்கொண்டு வெளியே வந்து, ஓங்கி அழுதான். அந்த அழுகையைக் கேட்கத்தான் மலையும் மழையும் வானமும் அத்தனை நாள் காத்திருந்தன.'

வத்ஸலா உதட்டைக் கடித்துக்கொண்டிருந்தாள். வலி ஏதும் எடுத்துவிட்டதோ என்று அவர் பயந்துபோனார்.

"ஒண்ணுமில்லை" என்றாள். "எல்லாம் ஆயிடுத்தா? மலை, மழை, மனுஷா... அதுக்குன்னு ஒண்ணும் பாக்கி இல்லையே?"

"எல்லாம் ஆயிடுத்து. இனிமே பலச்ருதிதான்."

எந்தப் புராணமானாலும் அதைக் கேட்டவருக்கு என்ன பலன் கிடைக்கும் என்று முடிவில் சொல்லியாக வேண்டும். அவர் நிமிர்ந்து உட்கார்ந்தார். மேல்துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு, கைகளைக் கூப்பி, சந்நிதியில் நிற்பதுபோலக் குரலை உயர்த்தினார்.

'இந்தப் புராணத்தைக் கேட்ட செவி தீர்க்காயுசோடு...'

சில்லிட்ட ஒரு கை அவர் வாயைப் பொத்தியது.

"பலன் மட்டும் சொல்லாதீங்கோ."

அவர் அந்தக் கையை மெல்ல விலக்கினார். "அசடே! அந்த ஒரு வரிக்காகத்தானே இவ்வளவும் சொன்னேன்!"

வத்ஸலா அவர் முகத்தைப் பார்க்கவில்லை.

"வெள்ளிக்கிழமைலேர்ந்து உள்ளே அசைவே இல்லை."