நெட்டையின் மாணவி

"காதைக் கொடு. உன் பக்கத்துல உட்காரப் போற சலவைக்கூடத்து பாய்லரைப் பார்த்துக்கற அம்மா இருக்காங்களே, சரியான மக்கு. பரீட்சையில நீதான் அவங்களைக் கரையேத்தணும்" என்றார் பாய்லர் வகுப்பு மாஸ்டர்.

நெட்டை தன்னையே சுட்டிக்காட்டினான். "நானா? நானே பாய்லர் லைசென்ஸ் பரீட்சையில ரெண்டு தடவை கோட்டை விட்டவன் மாஸ்டர்!"

"தெரியும். புத்தகத்தை மூடி வெச்சுட்டுக் கேள்வி கேளு. பதிலை நீ சொல்லிடாதே, அவங்க வாயிலேர்ந்து வரணும். ரெண்டு நாள் விட்டு அதையே மறுபடி கேளு. எல்லாம் ஆராய்ச்சி பண்ணிக் கண்ட முடிவு. ஆனா நான் சொன்னேன்னு மூச்சு விடாதே, அவங்க மனசு நோகும்."

நெட்டைக்கு இது கடைசி வாய்ப்பு. இந்த முறையும் தோற்றால் சோப்புத் தொழிற்சாலையின் பாய்லர் வேறொருவன் கைக்குப் போய்விடும். இவன் மறுபடி பெட்டி தூக்க வேண்டியதுதான். படிக்காமல் இல்லை. முக்கியமான வரிகளுக்கெல்லாம் மஞ்சள் மை பூசிப் பூசி, முக்கியமில்லாத வரி ஏதாவது மிச்சமிருக்கிறதா என்று தேடும் நிலைக்கு வந்திருந்தான்.

மறுநாள் வகுப்பில் மாஸ்டர் கரும்பலகைப் பக்கமே போகாமல் செய்தித்தாளை விரித்துக்கொண்டார். நெட்டை தொண்டையைக் கனைத்தான்.

"அக்கா, கண்ணாடிக் குழாய்ல தண்ணி மட்டமே தெரியல. பாய்லர் வத்திப்போச்சு. என்ன செய்வீங்க?"

சலவைக்கூடத்து அக்கா, நடை பழகும் குழந்தையைப் பார்ப்பதுபோல் அவனைப் பார்த்தாள். "நீங்க சொல்லுங்க தம்பி."

"கேட்டது நானுங்க."

"நல்லா யோசிச்சுச் சொல்லுங்க. அவசரமே இல்ல."

மக்குக்கு இவ்வளவு பொறுமையா? குழம்பிப்போய், "தண்ணி விடணும்" என்று உளறிவிட்டான்.

"தகதகன்னு காஞ்ச இரும்புல பச்சத் தண்ணியா? கூரை எந்த ஊர்ல போய் விழும்?"

"இல்ல... முதல்ல நெருப்பை நிறுத்தணும்."

"சபாஷ்!" என்று கைதட்டினாள்.

நெட்டை விடவில்லை. சேஃப்டி வால்வைப் பற்றிக் கேட்டு மடக்கினான். அக்கா திக்கித் திணறினாள். அப்பாடா, மக்குதான் என்று அவனுக்கு உயிர் வந்தது.

இரண்டு நாள் கழித்து, "அன்னிக்குக் கேட்டேனே..." என்று இருவரும் ஒரே நேரத்தில் ஆரம்பித்தார்கள்.

நெட்டை மாஸ்டரிடம் ஓடினான். "அந்தம்மா எனக்கே பாடம் எடுக்கறாங்க!"

"மக்குங்க அப்படித்தான். விட்டுப் பிடி" என்றார் அவர், செய்தித்தாளைத் திருப்பியபடி.

மக்கின் முன்னால் மானம் போகக் கூடாதே என்று நெட்டை வீட்டில் விழுந்து விழுந்து படித்தான். சோற்றில் கை வைத்தபடி வால்வுகளை ஒப்பித்தான்.

"பரீட்சை உங்களுக்கா, அந்தம்மாவுக்கா?" என்றாள் மனைவி.

யோசித்துப் பார்த்தான். அவனுக்கே சரியாகத் தெரியவில்லை.

முடிவு வந்தது. நெட்டைக்கு எண்பத்தெட்டு, அக்காவுக்குத் தொண்ணூறு. பாய்லர் தப்பித்த சந்தோஷத்தைவிட, மக்கு இரண்டு மார்க் அதிகம் வாங்கியதுதான் அவனைக் குடைந்தது. இருந்தாலும் வளர்த்துவிட்டவன் ஆயிற்றே! மார்பை நிமிர்த்திக்கொண்டு மாஸ்டர் அறைக்குப் போனான்.

கதவு பாதி திறந்திருந்தது. உள்ளே அக்காவின் குரல்.

"மாஸ்டர், நீங்க காதோட காதா சொன்ன மாதிரியே அந்த நெட்டை மக்கைக் கரையேத்திட்டேன்!"

"மெதுவா பேசுங்கம்மா, தம்பி மனசு நோகும்."

நெட்டை வாய் பிளந்து நிற்க, பின்னாலிருந்து வகுப்பில் உடன் படித்த ஒருவர் அவன் தோளைத் தட்டி ரகசியமாகச் சொன்னார்: "அண்ணே, வரிசையில வாங்க. நாங்க இருபத்திரண்டு பேரும் அவங்கவங்க மக்கு பாஸான சேதியைச் சொல்லத்தான் நிக்கிறோம்."