நான்கு நிமிட வண்ணம்

ஜப்பானிய நடிகை மிசாவோ நடித்த படங்கள் எல்லாமே கறுப்பு வெள்ளை. படுக்கைக் காட்சி வந்தால் மட்டும் திரை சட்டென்று வண்ணத்துக்கு மாறும். கலர் பிலிம் விலை அதிகம் என்பதால் கம்பெனி ஒரு படத்துக்கு நான்கு நிமிடச் சுருள்தான் கொடுக்கும். ஏழு வருடங்களில் முப்பத்தொரு படங்கள். அவள் அழுததும், ரயிலைத் தவறவிட்டதும், காதலனை அறைந்ததும் சாம்பல் நிறத்தில். உடை அவிழ்த்தது மட்டும் வண்ணத்தில். கொஞ்ச நாளாகப் படத்துக்கு வெளியிலும் அவள் கண்ணுக்கு அப்படித்தான் ஆகிவிட்டது. தெருவும் கடலும் மீன்கடையும் சாம்பலாகவே தெரிந்தன. குளிக்கப் போய்ப் பொத்தானைக் கழற்றினால்தான் சுவருக்குப் பச்சை திரும்பும்.

வயதாகிவிட்டது, இதுதான் கடைசிப் படம் என்று கம்பெனி சொல்லிவிட்டது. மிசாவோ இயக்குநர் குரோகியிடம் கேட்டாள்.

“சட்டையோட ஒரே ஒரு ஷாட் கலர்ல எடுங்க சார்.”

“உன் சட்டையப் பாக்கவா டிக்கெட் வாங்குறான்? அதுக்குத் துணிக்கடை இருக்கும்மா.”

எல்லோரும் சிரித்தார்கள். கேமராமேன் ஹிதாகா மட்டும் லென்ஸைத் துடைத்துக்கொண்டிருந்தான்.

கலர் சுருள் ஓடத் தொடங்கியது. மிசாவோ கட்டிலில் உட்கார்ந்து, திறந்திருந்த கழுத்துப் பொத்தானையும் போட்டுக்கொண்டு கேமராவைப் பார்த்தாள்.

“கழட்டு!” என்று குரோகி கத்தினார். “டேய் ஹிதாகா, நிறுத்துடா!”

ஹிதாகா வியூஃபைண்டரிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

மிசாவோ குனிந்து பார்த்தாள். சட்டை மஞ்சள் நிறம். இன்னும் மூன்று நிமிடச் சுருள் மிச்சமிருந்தது.