வேற பூதத்தான்

பூதத்தான் விசாரணைக்குப் பாயும் பையுமாக வந்து நின்றார்.

உத்தரவு கைக்கு வந்ததும் அங்கிருந்தே பஸ் ஏறிவிடலாம், வீட்டுக்கும் அலுவலகத்துக்குமாக எதற்கு இரண்டு நடை என்று நினைத்திருந்தார்.

நோட்டீஸில் இருந்தது ஒரே கேள்விதான். பொது அமைதிக்குக் குந்தகமாக இருக்கும் உம்மை ஏன் ஓராண்டுக்குத் திருநெல்வேலி மாவட்டத்தை விட்டு வெளியேற்றக் கூடாது?

அறுபத்து மூன்று வயதில் இப்படியொரு மரியாதை வந்து சேரும் என்று பூதத்தான் எதிர்பார்க்கவில்லை. வட்டாரத்துக்கு இருபது ரவுடிகள் வேண்டும் என்று மேலிடம் கேட்டிருந்தது. எவ்வளவு சலித்தும் பத்தொன்பதுதான் தேறியது. இன்ஸ்பெக்டர் மெர்வின் பழைய கட்டு ஒன்றைப் பிரித்து, தூசி தட்டி, இருபதாவது ஆளாக இவரைக் கண்டெடுத்திருந்தார்.

விசாரணை அதிகாரி ராஜராஜேஸ்வரி எதையும் பாதி படிக்கிற ஆள் இல்லை. இன்ஸ்பெக்டரின் அறிக்கையை முதல் வரியிலிருந்து உரக்கப் படித்தார்.

1994 கோயில் கொடைத் திருவிழாவின்போது ரேடியோ செட்டுக்காரரைக் குழாய் ஸ்பீக்கரோடு சேர்த்து வாய்க்காலில் தள்ளியது. ஸ்பீக்கர் கோபாலசமுத்திரம் வரை பாடிக்கொண்டே மிதந்து போய், வழிநெடுக அமைதியைக் குலைத்தது.

"அவ்வளவு தூரம் போகலம்மா," என்றார் பூதத்தான். "பாலத்தோட நின்னுட்டு. கடைசிப் பாட்டு பாதிதான் பாடிச்சு."

இவரைக் கண்டதும் பொதுமக்கள் கதவைச் சாத்திக்கொள்கிறார்கள்.

இதைப் பூதத்தான் மறுக்கவில்லை. ஸ்பீக்கர் மிதந்த கதையை அவர் எடுத்தால் முடிக்க ஒன்றரை மணி நேரம் ஆகும். ஊருக்கும் வேலை வெட்டி உண்டு.

தனியே வசிக்கும் பெண்களுக்கும் முதியோருக்கும் இவர் பக்கத்தில் இருப்பதே ஆபத்து.

"இப்ப உங்க தரப்பைச் சொல்லுங்க," என்றார் ராஜராஜேஸ்வரி.

ஒன்றரை மணி நேரம் பேசுகிற மனுஷன், நாலே வரிதான் பேசினார்.

"வீட்டுக்காரி கோமுவுக்கு வாரத்துல ரெண்டு நாள் பாளையங்கோட்டையில டயாலிசிஸ். பத்தமடை ஸ்டாப்புல என் தோளைப் பிடிச்சுத்தான் பஸ் ஏறுவா. எங்களுக்குப் பிள்ளை இல்ல. நான் போயிட்டா அவ ஏற மாட்டா."

"சொந்தக்காரங்க பாத்துக்கிடுவாங்க மேடம்," என்றார் மெர்வின், செல்போனிலிருந்து கண்ணை எடுக்காமல்.

ராஜராஜேஸ்வரி இரண்டையும் எழுதிக்கொண்டார். பிறகு படிவத்தில் பதினான்காவது கேள்விக்கு வந்தார். வெளியேற்றப்பட்டால் எங்கே தங்குவார்?

முந்தைய பத்தொன்பது பேரும் 'தெரியாது' என்று விட்டுப்போன இடம் அது.

"தூத்துக்குடி மாவட்டம், மணப்பாடு," என்றார் பூதத்தான். "போன வாரமே வீடு பாத்துட்டேம்மா. நல்ல காத்து."

"அக்கம்பக்கத்துல யாரு?"

"ஒரு பக்கம் கடல். இன்னொரு பக்கம் தெரசான்னு எண்பது வயசு அம்மா. தனியா இருக்காவ. பச்சை கேட்டு, வாசல்ல முருங்கை. ஸ்பீக்கர் கதையை முழுசாக் கேட்ட முதல் ஆளு அவியதான். முடிச்சதும் இன்னொரு தடவை சொல்லச் சொன்னாவ."

மெர்வினின் செல்போன் மேசைக்கு இறங்கியது.

ராஜராஜேஸ்வரி அறிக்கையில் மூன்றாவது பக்கத்தைத் திருப்பினார். "தனியா இருக்கிற முதியோருக்கு ஆபத்துன்னு நீங்கதான் எழுதியிருக்கீங்க இன்ஸ்பெக்டர். அப்ப அந்த அம்மாவுக்கும் ஒரு நோட்டீஸ் போகணும். உங்க அறிக்கையோட நகல் ஒண்ணும் வைக்கணும். அவங்களை நேர்ல கூப்பிட்டுக் கேட்காம நான் முடிவு பண்ண முடியாது. நோட்டீஸை நீங்களே கொண்டுபோய்க் குடுத்திருங்க."

மெர்வின் எழுந்தார். உட்கார்ந்தார். மறுபடி எழுந்தார்.

"மேடம், சின்னத் தப்பு நடந்து போச்சு. இது வேற பூதத்தான்."

"முக்கால் மணி நேரமா எதிர்ல உக்காந்திருக்காரு. இப்பத்தான் தெரியுதா?"

"பக்கவாட்டுல பாத்த பிறகுதான் மேடம் தெரிஞ்சுது."

தாமிரபரணிக் கரையில் அந்தப் பெயருக்குப் பஞ்சம் கிடையாது. காபி கொண்டுவந்த பியூன்கூடப் பூதத்தான்தான். அவர் தட்டை இருந்த இடத்திலேயே வைத்துவிட்டு வேகமாக வெளியேறினார்.

'ஆளை அடையாளம் கண்டதில் பிழை. நோட்டீஸ் கைவிடப்படுகிறது.' ராஜராஜேஸ்வரி எழுதி, அதையும் உரக்கப் படித்து, கையெழுத்துப் போட்டார்.

வெளியே பெஞ்சில் இருந்த கோமு எழுந்திருக்க முயன்றாள்.

"என்ன சொன்னாவ?"

"வியாழக்கிழமை ஏழு மணி பஸ். பையப் பைய எந்திரி."

அவள் அவர் தோளைப் பிடித்துக்கொண்டு படியிறங்கினாள். அவர்களைத் தாண்டி ஜீப்பை நோக்கி ஓட்டமும் நடையுமாகப் போய்க்கொண்டிருந்தார் மெர்வின்.

பூதத்தானின் சட்டைப் பையில் போன் அடித்தது. எடுத்துக் காதில் வைத்தார். கொஞ்ச நேரம் கேட்டார். பிறகு ஜீப் வரைக்கும் எட்டுகிற குரலில் சொன்னார்:

"இல்ல தெரசாம்மா, அங்கன வர வழியில்ல. நான் என்ன தாயி செய்ய? உங்க மவன் விட மாட்டேங்காவ."