ஜேர்மன்காரனுக்கு என்ன விளங்கப் போகுது?

ஐங்கரன் மறுபடியும் செத்தான்.

இந்த முறை படிக்கட்டுக்குக் கீழே. சுட்டவன் அங்கே ஒரு பெட்டிக்குப் பின்னால், மாப்பிள்ளையை வரவேற்க நிற்பவன் போலக் காத்துக்கொண்டிருந்தான். திரையின் மூலையில் அவன் பெயர் விழுந்தது: பிரின்டன். நத்தார்ப் பண்டிகைக்கு ஜேர்மன்காரர் சுடும் பிஸ்கோத்து ஒன்றின் பெயர்.

"நான் படியால வாறன் எண்டு இவனுக்கு ஆர் சொன்னது?" ஐங்கரன் ஹெட்செட்டில் கத்தினான்.

"நீதான் சொன்னனீ," என்றான் பான் நகரத்திலிருந்து அவனோடு சேர்ந்து விளையாடும் ஆரூரன். "படியால போறன், நீ யன்னலைப் பார் எண்டு ஊருக்கே கேக்கக் கத்தினாய்."

"தமிழிலதானே கத்தினனான். ஜேர்மன்காரனுக்கு என்ன விளங்கப் போகுது?"

அந்தத் தளத்தில் யார் பேசினாலும் இரண்டு அணிக்கும் கேட்கும். அதனால் மற்றவர்கள் வாயைப் பொத்திக்கொண்டு விளையாடுவார்கள். இவர்கள் இருவருக்கும் அதுவே ஆயுதம். ஹம்பேர்க் ரயிலில் பக்கத்தில் இருப்பவனின் தொப்பையைப் பற்றி அவன் முகத்துக்கு நேரே கதைத்துச் சிரித்துப் பழகிய வாய்கள். எதிரியின் காதுக்குள்ளேயே திட்டம் போட்டு அவனை விழுத்துவதில் தனிச் சுகம்.

உண்மையில் ஐங்கரனின் வீட்டில் சுகம் என்ற சொல்லுக்கே அந்தக் கிழமை இடமில்லை. பக்கத்து அறையில் அம்மா போர்வையை இழுத்து மூடிக்கொண்டு கிடந்தாள். மூத்தவன் சேந்தன் வன்னியில் ஷெல் விழுந்து செத்துப்போனான் என்று தொலைபேசி வந்ததிலிருந்து அடுப்பு ஒழுங்காக எரியவில்லை.

பெரியப்பா செத்து அந்திரட்டிச் சடங்குக்கென்று ஊருக்குப் போனவன் சேந்தன். போரால் பாதை பூட்டுப்பட்டு அங்கேயே அகப்பட்டுக்கொண்டான். இந்தக் கணினியும் அவன் வாங்கியதுதான். அண்ணன், தம்பி, தங்கை மூன்று பேரும் முறைக்குச் சண்டை பிடித்து இதிலேதான் சுட்டுப் பழகினார்கள். இதற்குள் செத்தால் அடுத்த ஆட்டத்தில் எழும்பி வரலாம் என்பது ஐங்கரனுக்கு இப்போது பெரிய ஆறுதலாக இருந்தது.

தங்கை தேனுஜாவுக்கு மட்டும் இன்னும் சொல்லவில்லை. அவள் ஆஹென் நகரத்தில் அறை எடுத்துத் தங்கித் தாதிக்குப் படிக்கிறாள். வெள்ளிக்கிழமை கடைசிச் சோதனை. முன்னமே தவறியவள், இந்த முறையும் விட்டால் இத்தனை வருடப் படிப்பும் ஆற்றில் கரைத்த புளிதான். அது முடியும்வரை ஒருவரும் வாய் திறக்கக்கூடாது என்று அப்பா சத்தியம் வாங்கியிருந்தார்.

"சரி, உத்தியை மாத்துவம்," என்றான் ஆரூரன். "இனி இடப்பக்கம் எண்டு சொன்னா வலப்பக்கம்."

"ஓம். நான் இடப்பக்கம் போறன்!" என்று கத்திவிட்டு ஐங்கரன் வலப்பக்கம் ஓடினான். பிரின்டன் வலப்பக்கத்தில் நின்றான்.

ஆரூரன் பெருமூச்சு விட்டான். "எனக்கு இப்ப விளங்குது. நாங்கள் கிட்டப் போகப் போக எங்கட குரல் உசருது. அதை வைச்சுத்தான் பிடிக்கிறான். இனிச் சண்டையைப் பற்றி ஒரு சொல்லும் வேண்டாம். வீட்டுக் கதை கதைச்சுக்கொண்டு ஆறுதலாப் போவம்."

நல்ல யோசனையாகத்தான் பட்டது. ஐங்கரன் துப்பாக்கியைத் தாழ்த்திக்கொண்டு நீண்ட ஒழுங்கைக்குள் நடந்தான்.

"அம்மா சாப்பிட்டவவோ?" ஆரூரன் கேட்டான்.

"தேத்தண்ணி மட்டும்."

"சேந்தன் அண்ணையின்ர விசயம்... உறுதிதானோ?"

இதை வாய்விட்டுச் சொல்ல ஐங்கரனுக்கு அந்த வீட்டில் ஆள் இல்லை. அம்மாவிடம் சொல்ல ஏலாது, அப்பா கேட்க மாட்டார். அதனாலேயே சொன்னான்.

"உறுதிதான்ரா. சித்தப்பாதான் கண்டவராம். பங்கருக்கு வெளியில தண்ணி எடுக்கப் போன இடத்தில விழுந்ததாம். அதிலையே தாட்டுப்போட்டு ஓடியிட்டினம்."

"கடவுளே. தங்கச்சி?"

"அவள் ஒவ்வொரு நாளும் போன் எடுத்துக் கேக்கிறாள். அண்ணை தப்பி வந்திட்டார், காம்பில இருக்கிறார் எண்டு புளுகிக்கொண்டிருக்கிறன். வெள்ளிக்கிழமை சோதனை முடிய, நானே நேரில போய்ச் சொல்லவேணும். எப்பிடிச் சொல்லப்போறனோ தெரியாது."

ஒழுங்கையின் நடுவில் பிரின்டன் நின்றுகொண்டிருந்தான்.

மறைவில்லை. குந்தவில்லை. இவ்வளவு நேரமும் கண்ணுக்குள் விரலை விட்டு ஆட்டியவன், ஐங்கரன் நேரே வருவதைப் பார்த்தும் அசையாமல் நின்றான். ஐங்கரன் சுட்டான். பிரின்டன் விழுந்தான்.

அடுத்த ஆட்டத்தில் அவன் தொடங்கிய இடத்தை விட்டே நகரவில்லை. ஐங்கரன் தேடிப்போய் அங்கேயும் தலையில் சுட்டான். அந்தக் கிழமையில் முதல் தடவையாக அவனுக்குச் சிரிப்பு வந்தது.

"வேலை செய்யுதடா!" என்று ஆரூரன் துள்ளினான். "ஆள் குழம்பிப்போனான்!"

திரையில் பிரின்டனின் பெயருக்குப் பக்கத்தில் ஒலிவாங்கியின் அடையாளம் மினுங்கியது. முதலில் மூச்சு வாங்கும் சத்தம் மட்டும் கேட்டது. பிறகு ஒரு பெண் குரல்.

"சின்னண்ணா, பெரியண்ணா எப்ப செத்தவர்?"