வெளுத்த ஃபோல்டர்

சூரியபிரகாஷ் ஐந்தரைக்கு எழுந்தான். பல் துலக்கினான். பாலைக் காய்ச்சினான். லேப்டாப்பில் மனைவியின் பென் டிரைவைச் செருகினான். வெளுத்த நிறத்தில் அந்த ஃபோல்டர் வந்தது. தொட்டால் 'அனுமதி இல்லை' என்றது. டிரைவை வெடுக்கென்று பிடுங்கிப் பையில் போட்டுக்கொண்டு குளிக்கப் போனான்.

ஏழு மாதமாக இதுதான் காலை. கப்பலூர் சாலையில் மனைவி பாண்டீஸ்வரியின் ஸ்கூட்டியை லாரி அடித்து, அவள் இறந்து ஏழு மாதம். அன்றும் அவன் இதே டிரைவில் ஆபீஸ் ஃபைலை எடுத்துக்கொண்டிருந்தான். வாசலில் நின்று அவள் ஏதோ திட்டினாள். அவன் திரும்பிப் பார்க்கவில்லை.

முதலில் டிரைவில் அவளுடைய படங்கள் நாற்பது இருந்தன. ஒவ்வொன்றாகத் திறக்காமல் போயின. பிறகு பெயர்களும் காணாமல் போயின. வெளுத்த ஃபோல்டர் மட்டும் அப்படியே இருந்தது.

அதுதான் படங்களைத் தின்கிறது என்று நினைத்தான். இல்லையென்றால், தனக்குத் தெரியக்கூடாத எதையோ அவள் அதற்குள் பூட்டி வைத்திருக்கிறாள். இந்த இரண்டாவது நினைப்பு வந்த பிறகு சோறு இறங்கவில்லை.

இன்று கோச்சடையில், இருவருக்கும் பழக்கமான நூருல் அமீனின் கம்ப்யூட்டர் கடைக்குப் போனான்.

"பாய், இது என் வீட்டுக்காரி டிரைவு. இந்த வெளுத்த ஃபோல்டருக்குள்ள என்ன இருக்குன்னு பாருங்க. எதுவா இருந்தாலும் மறைக்காமச் சொல்லிருங்க."

அமீன் பார்த்தார். சிரித்துவிட்டார். "இதுக்காண்ணே மூஞ்சிய இம்புட்டு இறுக்கமா வச்சிருக்கீங்க?"

பாக்கெட் பிரிக்காத புது டிரைவ் ஒன்றை எடுத்துப் பிரித்துச் செருகினார். அதிலும் வெளுத்த ஃபோல்டர் வந்து உட்கார்ந்தது.

"விண்டோஸ் தானாப் போட்டுக்கிறதுண்ணே, அதோட சொந்தக் குறிப்பு. இப்பப் பிரிச்ச டிரைவுல எந்த அக்கா வந்து ரகசியம் வச்சுட்டுப் போனாங்க?"

பூட்டை எடுத்துத் திறந்தும் காட்டினார். உள்ளே இரண்டு குட்டி ஃபைல்கள். அவற்றில் ஒரு வரி எண்கள். அவ்வளவுதான்.

ஏழு மாதத்தில் முதல்முறையாக சூரியபிரகாஷுக்கு மூச்சு சீராக வந்தது. அவள் எதையும் ஒளிக்கவில்லை.

"அப்ப படமெல்லாம் எங்க பாய்?"

அமீன் வேறொரு சாஃப்ட்வேரை ஓட்டினார். சிரிப்பு போய்விட்டது. "அம்புட்டும் சிதைஞ்சு கெடக்குண்ணே. ஒண்ணுகூடத் தேறாது. காப்பி எடுத்து வைக்கலையா?"

"அவ வச்சது வச்சபடி இருக்கட்டும்னு விட்டுட்டேன்."

"சரி, டிரைவ எப்படிக் கழட்டுவீங்க?"

சூரியபிரகாஷ் வெடுக்கென்று பிடுங்கிக் காட்டினான்.

அமீன் தலையில் கை வைத்துக்கொண்டார். "செருகுனா உள்ள ஏதாச்சும் எழுதிக்கிட்டே இருக்கும்ணே. அந்த நேரத்துல பிடுங்குனா இருக்கிறதும் போயிரும். அக்கா கம்ப்யூட்டர்ல வேலை பார்த்தவங்கதான? ஒரு வார்த்த சொல்லலையா?"

சொல்லியிருந்தாள். அன்று வாசலில் ஹெல்மெட் வாரை மாட்டிக்கொண்டே சொன்னாள். சொல்லிவிட்டுத்தான் வண்டியைக் கிளப்பினாள்.

"எத்தன தடவ சொல்றது? அப்படியே பிடுங்காதீங்க, எஜெக்ட் குடுத்துட்டு எடுங்க!"