சிக்னல் கிடைக்கும் வளைவு

முதலில் குதிரையின் காதுதான் திரும்பியது. அதற்கப்புறம்தான் நாகையா மலையிலிருந்து கீழே பார்த்தான்.

தூரத்தில், சிவகாசிப் பக்கம், கரும்புகை எழும்பிக்கொண்டிருந்தது.

அங்கே எத்தனையோ பட்டாசுக் கம்பெனி இருக்கிறது, எதுவாகவும் இருக்கலாம் என்று மனசுக்குச் சொன்னான். மனசு கேட்டால்தானே? அவன் பெண்டாட்டி வள்ளித்தாய் காலை எட்டு மணிக்கே அங்கே வெடிக்குத் திரி வைக்கப் போயிருந்தாள்.

மலைமேல் சிக்னல் கிடைக்கிற இடம் ஒன்றே ஒன்றுதான். இன்னும் இரண்டு வளைவு ஏற வேண்டும்.

மட்டக்குதிரையோ, எஸ்டேட்டுக்கான அரிசி மூட்டைகளைச் சுமந்துகொண்டு, கல்லைப் பார்த்துப் பார்த்துக் கால் வைத்தது. ஒற்றையடிப் பாதை. அதை விட்டுவிட்டு ஓடினால், திரும்ப முயன்று பள்ளத்தில் உருண்டுவிடும். பிடித்து இழுத்தாலும் உருண்டுவிடும். மனுஷனுடைய அவசரம் அதற்கு என்ன தெரியும்? கொஞ்சம் வெரசா நட தாயி என்று அதன் கழுத்தைத் தடவிக் கெஞ்சினான்.

தினமும் மத்தியானம் அந்த வளைவில் நின்றுதான் வள்ளித்தாயிடம் பேசுவான். காலைப் பார்த்து வைங்க, பள்ளத்துப் பக்கம் நடக்காதீக என்று அவள்தான் பயப்படுவாள். சமதரையில் உட்கார்ந்து வேலை பார்க்கிற கழுதைக்குப் பேச்சைப் பார் என்று இவன் கேலி பண்ணுவான்.

வளைவு வந்ததும் குதிரை பழக்கத்தில் தானாகவே நின்றது.

போன் அடித்தான். ரிங் போனது, எடுக்கவில்லை. எப்படி எடுப்பாள்? கம்பெனிக்குள் போன் கொண்டுபோகக் கூடாது. வாசலில் வாட்ச்மேன் பலவேசத்திடம் கொடுத்துவிட்டுத்தான் நுழைய வேண்டும். மறுபடி அடித்தான். ஐந்தாவது தடவை யாரோ எடுத்தார்கள்.

பலவேசம்தான். எங்கே வெடித்தது என்று நாகையா கேட்டான். நம்ம கம்பெனியில்தான் என்றார். உள்ளே இருந்தவர்கள்? முக்கால்வாசிப் பேர் ஓடி வந்துவிட்டார்கள், எல்லாரையும் ரோட்டுக்கு அனுப்பியாச்சு என்றார்.

நாகையாவுக்குப் போன உயிர் திரும்பி வந்தது. தெரிந்த சாமியை எல்லாம் கும்பிட்டான். அவளைக் கூப்பிட்டுப் போனைக் கொடுங்க, குரலைக் கேட்டால் போதும் என்றான்.



"வெளிய வந்தவுக எல்லாம் அவுகவுக போன வாங்கிட்டுப் போயிட்டாக, நாகையா. எங்கிட்ட இன்னும் நாலு போன் கெடக்கு."