ரேடியோ பேசாத டேக்

கேமரா ஓடுகிறது. ரேடியோ அண்ணன் வாயே திறக்கவில்லை.

கதாநாயகியாக நடிக்கும் அவள் அவர் தரும் வரிக்காகக் காத்து நின்றாள். இருநூறு எபிசோடாக அவர் ஓரமாக நின்று ஒரு வரி படிப்பார், இவள் அதை அப்படியே திருப்பிச் சொல்லி நடிப்பாள். குரலைப் பிறகு டப்பிங்கில் சேர்த்துக்கொள்வார்கள். அவருக்கு அந்தப் பட்டப்பெயர் வந்ததே அதனால்தான்.

இன்றைக்கென்று பார்த்து ரேடியோ ரிப்பேர்.

சொந்தக் காலில் நிற்கக் கிளம்பும் ஒரு மனைவியின் கதை இந்த சீரியல். அவள் வாசல் தாண்டுகிற சீன் இதுதான். டைரக்டருக்குப் பெண் முன்னேற்றம் என்றால் உயிர். பேட்டி கொடுக்கும்போது தொண்டை அடைத்துக்கொள்ளும். அவர்தான் காலையில் எல்லார் முன்னாலும் சொல்லியிருந்தார்:

"இன்னிக்கும் சொதப்பினா ஆளை மாத்திடுவேன்மா."

அவள் கண்ணோரமாகப் பார்த்தாள். ரேடியோ காகிதத்தை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டிருந்தார்.

பாவி மனுஷன், கழுத்தறுத்துட்டாரே.

கோபத்தில் காது சூடேறியது. எதிரே புருஷனாக நடிப்பவர் திருதிருவென்று முழித்தார். வந்த கோபத்தை அவர் மேலேயே இறக்கினாள்.

"பதினஞ்சு வருஷமா நீங்க பெல் அடிச்சீங்க, நான் ஓடி வந்து கதவைத் திறந்தேன். இன்னிக்கு நான் வேலைக்குப் போறேன். சாயங்காலம் வந்து பெல் அடிப்பேன். நீங்க வந்து திறங்க."

ஒரு சொல் பிசகவில்லை.

லைட்மேன்தான் முதலில் கை தட்டினார். அப்புறம் மொத்த செட்டும் தட்டியது. டைரக்டர் "ம்... ஓகே" என்று முனகிவிட்டு போனை எடுத்துக்கொண்டு வெளியே போனார்.

அவள் நேராக ரேடியோவிடம் போனாள்.

"ஏண்ணே, என் பொழப்புல மண்ணள்ளிப் போடப் பார்த்தீங்களா? நான் உளறியிருந்தா?"

"நீயா உளறுவ? மூணு நாளா மேக்கப் ரூம் கண்ணாடிகிட்ட இதைத்தானே பேசிட்டிருக்க. அந்தக் கண்ணாடிக்கே மனப்பாடம் ஆயிருக்கும்."

"அதுக்காக? சொன்ன வேலையைச் செஞ்சுட்டுப் போக வேண்டியதுதானே?"

ரேடியோ, டைரக்டர் போன வாசல் பக்கம் ஒரு பார்வை பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார்.

"உன் இடத்துக்கு வேற பொண்ணைப் பேசி முடிச்சுட்டாங்கம்மா. வரியை மாத்தி மாத்திப் படிச்சு உன்னை உளற வைக்கச் சொன்னாரு. அதுதான் எனக்குச் சொன்ன வேலை."